ஒரே அடமானத்துக்கு மூன்று பேர் உரிமை கேட்கிறார்கள். பணத்தை யாரிடம் கட்டுவது?

கேள்வி: கேரளத்தில் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் எங்களுக்கு ஒரு ஏக்கர் இருபது சென்ட் தென்னந்தோப்பு இருக்கிறது. 2016-ல் அப்பா அதைப் பொள்ளாச்சித் தேங்காய் வியாபாரி ஒருவரிடம் ஆறு லட்சத்துக்கு அடமானம் வைத்தார். பதிவு செய்த பத்திரம், நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி, ஐந்து வருடக் கெடு. தோப்பு எங்கள் அனுபவத்திலேயே இருக்கிறது. 2020-ல் அப்பா இறந்துவிட்டார். 2021 டிசம்பர் வரை வியாபாரியின் பேங்க் கணக்கில் வட்டி போட்டு வந்தேன். 2022 பிப்ரவரியில் அவரும் காலமானார். அதன்பிறகு ஒருவர் வந்து, 2019-லேயே தனக்கு மேடோவர் ஆகிவிட்டது, அதாவது வியாபாரி கடன் உரிமையைத் தனக்கு மாற்றிக் கொடுத்துவிட்டார் என்று முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்துப் போட்ட காகிதத்தைக் காட்டினார். எங்கள் அடமானப் பத்திரமும் முன்னாதாரமும் (நிலத்தின் பழைய மூலப் பத்திரமும்) அவர் கையில் இருந்ததால் நம்பி ஒன்றரை லட்சம் ரொக்கமாகக் கொடுத்தேன். 2024-ல் பாலக்காட்டுக்காரர் ஒருவர் வக்கீல் நோட்டீஸ் விட்டார். 2021 ஆகஸ்டில் வியாபாரி தனக்கு எழுதிப் பதிவு செய்துகொடுத்த உரிமை மாற்று ஆதாரம் (பத்திரம்) இருக்கிறதாம். வியாபாரியின் மகளோ, "அந்த மாதம் அப்பா கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில் படுத்த படுக்கை, அது கள்ளக் கையெழுத்து, பணம் எனக்குத்தான் சேரணும்" என்கிறார். கடனைத் தீர்த்துத் தோப்பை மீட்க வேண்டும். யாரிடம் கட்டுவது?

பதில்:

இந்த மூவரில் யார் கையிலும் இனி ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். நீங்கள் கடன்பட்டிருக்கிறீர்கள் என்பதில் சண்டை இல்லை. யாருக்குக் கடன்பட்டிருக்கிறீர்கள் என்பதில்தான் சண்டை. அதைத் தீர்த்துவைக்கும் பொறுப்பு உங்களுடையது அல்ல. நீங்களே ஒருவரைத் தேர்ந்தெடுத்துக் கட்டி, அந்த ஆள் தவறான ஆள் என்று பின்னால் தெரிந்தால், சரியான ஆளுக்கு மறுபடியும் முழுதாகக் கட்ட வேண்டிவரும்.

தோப்பு போய்விடுமோ என்ற பயம் கடிதத்தில் தெரிகிறது. அனுபவம் உங்களிடம் இருக்கும் சாதாரண அடமானத்தில், கடன் கொடுத்தவர் நேராக வந்து நிலத்தில் இறங்க முடியாது. கோர்ட்டில் வழக்குப் போட்டு, தீர்ப்பு வாங்கி, ஏலத்தில்தான் விற்க முடியும். கெடு முடிந்தது 2021. அதிலிருந்து பணம் கேட்டு வழக்குப் போட அவர்கள் தரப்புக்கு 12 வருடம், மீட்க உங்களுக்கு 30 வருடம். ஆகவே காலாவதி பற்றி ஊரில் யார் என்ன சொன்னாலும் காதில் போட்டுக்கொள்ள வேண்டாம். அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடுவதுதான் இப்போது உங்களுக்கு ஆபத்து.

முதலில் வந்தவரின் காகிதத்தைப் பார்ப்போம். புரோநோட்டின் பின்பக்கம் நாலு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் அது அடுத்தவருக்குப் போய்ச் சேர்ந்துவிடும். அந்த மேடோவர் பழக்கம் ஊறிப்போனதால், நில அடமானத்துக்கும் அதே போதும் என்று பொள்ளாச்சிச் சந்தையிலும் வேலந்தாவளத்திலும் நம்புகிறார்கள். போதாது. 1900-ஆம் ஆண்டுத் திருத்தத்திலிருந்து, நிலத்தை ஈடாகக் கொண்ட கடன், சொத்து மாற்றுச் சட்டம் சொல்லும் சாதாரணக் கடன்களின் வகையிலிருந்து நீக்கப்பட்டுவிட்டது. நூறு ரூபாய்க்கு மேற்பட்ட நில அடமானத்தை இன்னொருவருக்கு மாற்ற வேண்டுமென்றால் பதிவு செய்த பத்திரம் வேண்டும். அதையும் நிலம் எங்கே இருக்கிறதோ அந்தப் பகுதிக்கு உரிய சார்பதிவாளர் அலுவலகத்தில், இங்கே கேரளத்தில், கேரள முத்திரைத் தீர்வை கட்டிப் பதிய வேண்டும். தமிழ்நாட்டு முத்திரைத்தாளும் நோட்டரி முத்திரையும் அந்த இடத்தை நிரப்பாது. எழுதிய நாளிலிருந்து நான்கு மாதத்துக்குள் பதிவுக்குக் கொண்டுபோயிருக்க வேண்டும். தாமதத்துக்கு அபராதம் கட்டினால் இன்னும் நான்கு மாதம். 2019 காகிதத்துக்கு இரண்டும் எப்போதோ போய்விட்டன. பதிவுச் சட்டம் 49-ஆம் பிரிவின்படி அந்தக் காகிதம் உங்கள் நிலத்தின் மேல் எந்த உரிமையையும் அவருக்குத் தராது. மிஞ்சிப்போனால், "எனக்குப் பதிவு செய்து கொடுக்க ஒப்புக்கொண்டார், அதை நிறைவேற்றுங்கள்" என்று வியாபாரியின் வாரிசுகள் மேல் வழக்குப் போட அது சாட்சியாகும். அதற்கும் காலக்கெடு மூன்று வருடம்.

இன்னொன்றையும் கவனியுங்கள். 2019-லேயே உரிமை மாறிவிட்டது என்றால், வியாபாரி 2021 டிசம்பர் வரை ஏன் வட்டி வாங்கினார்? உங்கள் பேங்க் ஸ்டேட்மென்ட்டே மேடோவர்காரருக்கு எதிரான சாட்சி. தகவல் வருமுன் பழைய ஆளுக்கு நல்லெண்ணத்தில் கட்டிய வட்டியை எந்தத் தரப்பும் மறுபடி கேட்க முடியாது என்று வாதாடவும் அதே ஸ்டேட்மென்ட் உதவும்.

அசல் பத்திரம் மேடோவர்காரரிடம் இருப்பதால் அவர் உரிமையாளர் ஆகிவிட மாட்டார். ஆனால் அந்தப் பத்திரங்கள் உங்களுக்குத் திரும்ப வேண்டும். அதனால்தான், உரிமை பலவீனமாக இருந்தாலும், வழக்கில் அவரையும் சேர்த்தே ஆக வேண்டும். விட்டுவிட்டால் தீர்ப்பு அவரைக் கட்டுப்படுத்தாது. நாளை லோன் கேட்டு பேங்குக்குப் போகும்போது முன்னாதாரம் இல்லாமல் நிற்பீர்கள்.

இங்கே ஒரு கேள்விக்கு வீட்டில் விசாரித்துப் பதில் தேடுங்கள். 2016-ல் அடமானப் பத்திரத்தோடு சேர்த்து அப்பா புரோநோட்டும் எழுதிக் கொடுத்தாரா? பலர் இரண்டையும் வாங்குவார்கள். நோட்டு மேடோவர்காரர் கைக்கு மாறியிருந்தால் அதை வைத்துத் தனியாக வழக்குப் போட முடியும். அதற்குப் பதிவு தேவையில்லை. ஆனால் நோட்டின் ஆயுள் மூன்று வருடம். அந்த மூன்று வருடத்துக்குள் பின்பக்கம் வரவு எழுதிக் கையெழுத்துப் போட்டால் மறுபடி மூன்று வருடம். ஒன்றரை லட்சம் கொடுத்தபோது எதிலாவது கையெழுத்துக் கேட்டாரா, அது எந்தக் காகிதம் என்று நினைவுபடுத்தி, இன்றைக்கே தேதியோடு எழுதி வையுங்கள்.

பாலக்காட்டுக்காரரின் ஆதாரம் வேறு வகை. அது பதிவானது. பதிவான பத்திரம் உண்மையானது என்றுதான் கோர்ட் முதலில் எடுத்துக்கொள்ளும். பொய் என்பவர்தான் நிரூபிக்க வேண்டும். ஒருவேளை அது நிஜமாக இருந்தால், 2019-ன் பதிவில்லாக் காகிதம் தேதியில் முந்தியதாக இருந்தும் 2021-ன் பதிவான ஆதாரமே வெல்லும். பதிவுச் சட்டம் 50-ஆம் பிரிவு அதைத்தான் சொல்கிறது. அது கள்ளம் என்று ஆனால் அவருக்கு எதுவுமே கிடைக்காது. அவர் பணம் கொடுத்து ஏமாந்த அப்பாவியாக இருந்தாலும் சரி, கள்ளப் பத்திரம் பிறந்த நாளிலேயே செத்தது. அப்போது உரிமை மேடோவர்காரரிடம் போகாது, வியாபாரியின் வாரிசுகளிடமே நிற்கும். ஆகப் பார்க்க மூன்று முனைச் சண்டையாகத் தெரிந்தாலும், எல்லாம் ஒரே கேள்வியில் வந்து முடிகிறது: 2021 ஆகஸ்டில் சார்பதிவாளர் முன் நின்றது வியாபாரிதானா?

அதை அறிய, உடனே இரண்டு விண்ணப்பம் போடுங்கள். ஒன்று, குடிக்கடச் சான்று, நம்மூரில் ஈ.சி., வில்லங்கச் சான்று என்போமே, அது. கேரளப் பதிவுத்துறையின் பேர்ல் இணையதளத்திலேயே கேட்கலாம். 2015-லிருந்து இன்றுவரை கேளுங்கள். ரீசர்வே நடந்த கிராமமாக இருந்தால் பழைய சர்வே எண்ணையும் புதிய பிளாக் எண், சர்வே எண்ணையும் இரண்டையும் கொடுங்கள். ஒன்றில் தேடினால் மற்றதில் ஏறியது விட்டுப்போகும். உரிமை மாற்றுப் பத்திரங்களில் நிலத்தின் விவரத்தைச் சரியாக எழுதாமல் "இன்ன எண் அடமானப் பத்திரம்" என்று மட்டும் குறிப்பிடுவதும் உண்டு. அப்படியானது நிலவாரி அட்டவணையில் சிக்காமல் போகலாம். பெயர்வாரி அட்டவணை தனியாக இருக்கிறது. வியாபாரியின் பெயரில் அதிலும் தேடச் சொல்லுங்கள். நான்காவதாக ஒரு ஆள் ஒளிந்திருந்தால் இப்போதே தெரிந்துவிடுவது நல்லது.

இரண்டாவது, 2021 ஆதாரத்தின் சான்றிட்ட நகல். கையில் வந்ததும் முதல் பக்கத்தை விட்டுப் பதிவுக் குறிப்புகள் உள்ள பக்கத்தைத் திருப்புங்கள். யார் தாக்கல் செய்தது, எத்தனை மணிக்கு, எழுதிக் கொடுத்தவர் ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்ட இடம் எது, அவரை அடையாளம் காட்டிய இரண்டு பேர் யார் என்பதெல்லாம் அங்கே இருக்கும். நடக்க முடியாத நோயாளி என்றால் பதிவாளரே அவர் இருக்குமிடத்துக்குப் போகலாம். போயிருந்தால் அந்தக் குறிப்பில் "இன்ன இடத்தில்" என்று எழுதியிருப்பார். குறிப்பு அலுவலகத்தில் என்று சொல்லி, ஆஸ்பத்திரிப் பதிவு அதே நாளில் உள்நோயாளி என்று சொன்னால், வேறு வாதமே தேவைப்படாது. பவர் ஏஜென்ட் கையெழுத்துப் போட்டிருந்தால் அந்தப் பவர் பத்திரத்தின் எண்ணைப் பிடித்து அதன் நகலையும் வாங்குங்கள். வியாபாரி குடியிருந்த பகுதியின் பதிவாளர் முன் எழுதப்பட்டதா என்பதைப் பார்க்க வேண்டும். பணம் எப்படிக் கைமாறியது என்ற வரியையும் படியுங்கள். 2017 ஏப்ரலிலிருந்து இரண்டு லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கக் கூடாது என்பது வருமான வரிச் சட்டம். லட்சக்கணக்கில் "ரொக்கமாகப் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதியிருந்தால் அதை மட்டும் வைத்துக் கள்ளம் என்று சொல்ல முடியாது, ஆனால் சந்தேகம் வலுக்கும்.

கையெழுத்தைவிட ரேகை உறுதியானது. தாக்கல் செய்பவரின் போட்டோவும் விரல்ரேகையும் பத்திரத்தில் ஒட்ட வேண்டும் என்பது 2001-லிருந்து சட்டம். அலுவலகத்திலும் ரேகைப் பதிவேடு இருக்கும். ஆனால் ஒப்பிட வியாபாரியின் உண்மையான ரேகை வேண்டுமே. உங்கள் 2016 பத்திரத்தில் தேடி ஏமாறாதீர்கள். எழுதிக் கொடுத்தவர் உங்கள் அப்பா, ரேகை வைத்தவரும் அவர்தான். வியாபாரி பொள்ளாச்சியில் நிலமோ கடையோ விற்றிருந்தால் அந்த அலுவலகத்தில் அவர் ரேகை கிடக்கும். மகளிடம் கேட்டால் சொல்வார். கையெழுத்துக்கு, அவர் வட்டி வாங்கிக்கொண்டு கையெழுத்திட்ட ரசீதுகள் உங்களிடம் இருந்தால், 2021-க்கு ஒட்டிய காலத்து ரசீதுகளைத் தனியாக எடுத்து வையுங்கள். நிபுணருக்கு அசல்தான் வேண்டும்; ஜெராக்ஸில் பேனாவின் அழுத்தம் தெரியாது. மகளே கேட்டாலும் அசலைக் கொடுக்காதீர்கள். கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள்.

மகள் பக்கம் நியாயம் இருப்பதாகவே தெரிகிறது. அதற்காக அவரிடம் கட்டிவிடவும் கூடாது. வியாபாரிக்கு மனைவி, வேறு பிள்ளைகள் உண்டா? எல்லா வாரிசுகளும் சேர்ந்து ரசீது கொடுத்தால்தான் கடன் முழுதாகத் தீரும். தாசில்தார் கொடுக்கும் வாரிசுச் சான்று யார் யார் வாரிசு என்று சொல்லும், அவ்வளவுதான். கோர்ட் கொடுக்கும் இறங்குரிமைச் சான்றைக் கேளுங்கள். அதை நம்பி நல்லெண்ணத்தில் பணம் கட்டிய கடனாளிக்கு 1925-ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டத்தின் 381-ஆம் பிரிவு பாதுகாப்பு தருகிறது.

போலீஸ் புகாரைப் பற்றி: தன் அப்பா பெயரில் வேறொருவர் நின்றார் என்று புகார் கொடுக்க வேண்டியவர் மகள். ஆள்மாறாட்டம் செய்து பதிந்தது பதிவுச் சட்டம் 82-ஆம் பிரிவில் ஏழு வருடம்வரை தண்டனைக்குரிய குற்றம். சம்பவம் 2024 ஜூலை 1-க்கு முந்தியது என்பதால் மற்ற பிரிவுகள் பழைய இந்திய தண்டனைச் சட்டத்திலிருந்தே வரும். வியாபாரி போலவே ஒருவர் கையெழுத்துப் போட்டிருந்தால்தான் அது கள்ளப் பத்திரம். தனக்கில்லாத உரிமையைத் தன் பெயரிலேயே ஒருவர் எழுதிக் கொடுத்திருந்தால் அது கள்ளப் பத்திரக் குற்றம் ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 2009-ல் சொல்லியிருக்கிறது. புகார் எழுதும்போது இந்த வேறுபாடு தெளிவாக இருக்க வேண்டும். எஃப்.ஐ.ஆர். போட்டதால் பத்திரம் ரத்தாகிவிடாது. "மாவட்டப் பதிவாளரிடம் மனுக் கொடுத்தால் ரத்து செய்துவிடுவார்" என்று பொள்ளாச்சியில் சொல்வார்கள். அது பதிவுச் சட்டத்தில் தமிழ்நாடு 2022-ல் கொண்டுவந்த 77-ஏ பிரிவைப் பற்றிய பேச்சு. உங்கள் நிலம் கேரளத்தில் இருக்கிறது. அந்தப் பிரிவையும் சென்னை உயர் நீதிமன்றம் 2024-ல் செல்லாது என்றது.

இனி பணத்தைக் கட்டும் வழி. சொத்து மாற்றுச் சட்டத்தின் 83-ஆம் பிரிவில், கெடு முடிந்த அடமானத்தின் பாக்கியைக் கோர்ட்டில் கட்டிவிடலாம். நிலம் சித்தூர் தாலுகாவில் இருப்பதால் அந்த எல்லைக்குரிய கோர்ட்டில்தான் கட்ட வேண்டும். எதிர்த்தரப்பு பொள்ளாச்சியில் இருப்பது கணக்கில் வராது. தொகையைப் பொறுத்து முன்சீப் கோர்ட்டா சப் கோர்ட்டா என்பதை வக்கீல் சொல்வார். மனுவில் மூன்று தரப்பின் பெயரும் வரட்டும். முழுப் பாக்கியையும் கட்டி, அவர்கள் எடுத்துக்கொள்ள நீங்கள் செய்ய வேண்டியதெல்லாம் செய்துவிட்டால், அன்றோடு வட்டி நிற்கும். 84-ஆம் பிரிவு.

"முழுப் பாக்கி" என்ற சொல்லில்தான் பலர் தவறுகிறார்கள். மேடோவர்காரருக்குக் கொடுத்த ஒன்றரை லட்சத்தைக் கழித்துக்கொண்டு கட்டலாம் என்று தோன்றும். அந்தப் பணம் கடனில் வரவாகுமா என்பதே இப்போது சந்தேகம். குறைத்துக் கட்டி, பின்னால் அது வரவாகாது என்று தீர்ப்பானால், கட்டியது அரைகுறையாகி வட்டி நிற்காமல் ஓடியிருக்கும். கணக்கைப் பாருங்கள்: ஆறு லட்சத்துக்கு மாதம் 6,000 வட்டி. வழக்கு நான்கு வருடம் இழுத்தால் 48 மாதத்துக்கு 2,88,000 ரூபாய். ஒன்றரை லட்சத்தை மிச்சம் பிடிக்கப் போய் அதைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு இழப்பீர்கள். ஆகவே அசல் ஆறு லட்சம், 2022 ஜனவரி முதல் கட்டும் மாதம் வரை மாதம் 6,000, இரண்டையும் சேர்த்து முழுதாகக் கட்டுங்கள். ஒன்றரை லட்சத்தை மேடோவர்காரரிடமிருந்து திரும்பப் பெறும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று மனுவிலேயே எழுதுங்கள். அந்தப் பணத்தைக் கேட்கவும் காலக்கெடு உண்டு என்பதால் கொடுத்த தேதிகளை வக்கீலிடம் முதல் நாளே சொல்லிவிடுங்கள்.

83-ஆம் பிரிவு மனுவில் கோர்ட் யார் உரிமையாளர் என்று விசாரித்துத் தீர்மானிக்காது. பணம் அங்கே பத்திரமாக இருக்கும், அவ்வளவுதான். அதனால் கூடவே மீட்பு வழக்குப் போட வேண்டும். பணத்துக்குப் பலர் போட்டியிடும்போது, "எனக்கு இதில் அக்கறை இல்லை, அவர்களுக்குள் தீர்த்துவையுங்கள்" என்று கேட்கும் தனி வகை வழக்கு ஒன்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 88-ஆம் பிரிவில் இருக்கிறது. சிலர் அதைச் சிபாரிசு செய்வார்கள். உங்களுக்கு அது பொருந்தாது என்பது என் கருத்து. அந்த வழக்கில் செலவுத்தொகை தவிர வேறு எதிலும் உங்களுக்கு அக்கறை இல்லை என்று சொல்ல வேண்டும். உங்களுக்கோ பத்திரங்கள் திரும்ப வேண்டும், நிலத்தின் மேல் உள்ள வில்லங்கம் அழிய வேண்டும், ஒன்றரை லட்சக் கணக்கும் பாக்கி. மீட்பு வழக்கில் இவை எல்லாமே கேட்கலாம். உங்கள் பக்கம் அம்மாவும் உடன்பிறந்தவர்களும், எதிர்ப்பக்கம் மேடோவர்காரர், பாலக்காட்டுக்காரர், வியாபாரியின் எல்லா வாரிசுகளும் கட்சிக்காரர்களாக வர வேண்டும். தமிழில் உள்ள காகிதங்களுக்கு மொழிபெயர்ப்பும் கேட்பார்கள், முன்கூட்டித் தயார் செய்யுங்கள்.

வக்கீல் நோட்டீசுக்கு இதுவரை பதில் போடவில்லை என்றால் இந்த வாரமே போடுங்கள். 2016 கடன் உண்டு, தீர்க்கத் தயார், மூன்று பேர் உரிமை கேட்கிறார்கள், உங்கள் உரிமையை நான் ஒப்புக்கொள்ளவில்லை, பதினைந்து நாளில் ஆவண நகல்களைக் கொடுங்கள், இல்லையேல் கோர்ட்டில் கட்டுவேன். இதே கடிதம் மூவருக்கும் ஒப்புகையுடன் தபாலில் போகட்டும். மேடோவர்காரர் "இதில் ஒரு கையெழுத்து மட்டும்" என்று நீட்டும் எந்தக் காகிதத்திலும் போடாதீர்கள். வெற்று முத்திரைத்தாள் என்றால் வீட்டுக்குள் கொண்டுவரவே விடாதீர்கள்.

வழக்குக்கு முன் ஒரு முறை மூவரையும் ஒரே மேசையில் உட்காரவைக்கப் பாருங்கள். தாலுகா சட்டப்பணிகள் குழுவில் வழக்குக்கு முந்திய மனுவாகக் கொடுக்கலாம். அங்கே லோக் அதாலத்தில் ஆகும் முடிவு கோர்ட் தீர்ப்புக்குச் சமம். பணத்தைத் தங்களுக்குள் எப்படிப் பிரிப்பது என்று அவர்கள் ஒப்புக்கொண்டால், மூன்று தரப்பும் சேர்ந்து ஒரே ஒழிமுறி ஆதாரம் (அடமானத்தை விடுவிக்கும் பத்திரம்) எழுதி, சார்பதிவாளர் அலுவலகத்தில் ஒரே நாளில் பதிந்துவிடலாம். டி.டி.யை அங்கேயே கொடுத்து, அடமானப் பத்திரத்தையும் முன்னாதாரத்தையும் அங்கேயே வாங்குங்கள். ஒருவர் கையெழுத்துக் குறைந்தாலும் டி.டி.யைக் கையில் கொடுக்காதீர்கள். பாலக்காட்டுக்காரர் வர மறுத்தால் கோர்ட்டைத் தவிர வழியில்லை. இறுதித் தீர்ப்பு வந்ததும் அதன் சான்றிட்ட நகலைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியுங்கள். பிறகு புதிதாக ஒரு குடிக்கடம் எடுத்து, 2016 அடமானத்துக்குக் கீழே அந்த மீட்பு ஏறியிருக்கிறதா என்று நீங்களே படித்துப் பாருங்கள்.